வெர்னா ஏறாத வண்டி

அத்தியாயம் 14

போன வாரம் லாய்ட் டாக்கெட்டைக் கார் கொட்டகைக்குள் தனியாக உட்காரவைத்துவிட்டு நான் பாட்டுக்குப் போய்விட்டேன். அதற்கு எத்தனை கடிதம்! "அந்தக் கிரிண்டிலை நாலு சாத்து சாத்த ஊரில் ஆளே இல்லையா?" என்று ஒரு வாசகி கேட்டிருக்கிறார். பொறுங்கள் அம்மா. எனக்கும் கை துறுதுறுக்கத்தான் செய்கிறது.

விட்ட இடம் இதுதான். லாஸ் ஏஞ்சலஸில் ஞாயிற்றுக்கிழமை மாலை நாலு மணிக்கு, ஏற்கெனவே ஓடிய வண்டிகளைக் காட்டி விற்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சியை மூன்று வருஷமாக நடத்துகிறவன் லாய்ட். முழுக்க நேரடி ஒளிபரப்பு. வாயிலிருந்து விழுந்தது விழுந்ததுதான். நிகழ்ச்சிக்குச் செலவு செய்கிறவன் வண்டி வியாபாரி ஹாலிஸ் கிரிண்டில். அவன்தான் போன வாரம் லாய்டைக் கூப்பிட்டு மிரட்டி அனுப்பினான்.

"உன் ஒப்பந்தம் வர்ற ஞாயித்துக்கிழமையோட முடியுது. நான் எழுதிக் குடுத்ததை அப்படியே சொன்னா மறுபடி கையெழுத்து. இல்லேன்னா ரேடியோவுலேருந்து தேன் குரல்காரன் ஒருத்தன் காத்திட்டிருக்கான். உன்னை மாதிரி வார்த்தையை இழுக்கற ஒக்லஹோமாப் பேச்சும் அவனுக்குக் கிடையாது."

லாய்டுக்கு வேறு போக்கிடம் இல்லை. கார்டினா பந்தயத் திடலில் வண்டி கவிழ்ந்து இடது முழங்கால் நொறுங்கியதிலிருந்து அவனால் ஒரு வண்டிக்கு அடியில் படுத்து எழுந்திருக்க முடிவதில்லை. மெக்கானிக் வேலை அதோடு போயிற்று. இந்த நிகழ்ச்சிதான் அவனை மறுபடி மனுஷனாக்கியது.

அந்த நிகழ்ச்சியில் ஒரு வழக்கம் உண்டு. லாய்ட் வண்டியைச் சுற்றி வந்து, பானெட்டைத் திறந்து, டயரைத் தட்டி, எல்லாம் காட்டி முடித்ததும் கேமராவைப் பார்த்து, "என் வீட்டுக்காரியை இதுல ஏத்துவேனா?" என்று கேட்பான். அவன் மனைவி வெர்னா ஓரத்திலிருந்து வருவாள். கதவைத் திறந்து முன் சீட்டில் உட்காருவாள். கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு கதவைச் சாத்துவாள். ஒரு வார்த்தை பேசமாட்டாள். மறுநாள் மத்தியானத்துக்குள் அந்த வண்டி விற்றுவிடும். வெர்னா உட்கார்ந்த வண்டி என்று சொன்னால் லாங் பீச் வரைக்கும் அதற்கு ஒரு மதிப்பு.

முன்பெல்லாம் வண்டியைப் பொறுக்குவது லாய்ட். இந்த ஒப்பந்தம் வந்த பிறகு பொறுக்குவது கிரிண்டில். அதை மட்டும் மனசில் வைத்துக்கொண்டு என்னோடு வாருங்கள்.

ஞாயிறு காலை பத்து மணி. பெல் கார்டன்ஸில் அவர்கள் வீட்டு அக்கம்பக்கத்தார் எல்லாரும் சர்ச்சில் பாடிக்கொண்டிருந்த நேரத்தில், வெர்னா ஸ்டுடியோவின் பின்சந்தில் கையை மடித்துவிட்டுக்கொண்டு ஒரு நீல செடானுக்குப் பசை தடவிக்கொண்டிருந்தாள். மெழுகையும் முகப்பவுடரையும் குழைத்த பசை, அவளே கண்டுபிடித்தது. பளபளக்கிற உலோகத்தின் மேல் ஸ்டுடியோ விளக்கு பட்டால் திரையில் அதைச் சுற்றிக் கறுப்பாக ஒரு வளையம் விழும். ஊரெல்லாம் வண்டியைத் தேய்த்துத் தேய்த்துப் பளபளப்பாக்கினால், இங்கே மட்டும் மங்கவைக்க வேண்டும்.

"பம்பருக்கு இன்னும் கொஞ்சம் அப்புங்க வெர்னா," என்றார் இயக்குநர் சீமோர் ஃபிங்க், காபிக் கோப்பையோடு வாசலில் நின்று. "போன வாரம் லாய்டோட பாதி மூஞ்சி கறுத்துப்போச்சு."

"அவன் மூஞ்சியே அப்படித்தான். இருபத்து நாலு வருஷமா பாக்கறேன், எந்தப் பசைக்கும் சரியாகலை."

ஃபிங்க் சிரித்துக்கொண்டே உள்ளே போனார்.

வெர்னா கதவுக்குக் கீழே ஓடும் பட்டைக்கு வந்தாள். பசையோடு விரல் வழுக்கிக்கொண்டு போனது. நடுவில் ஓர் இடத்தில் தடுக்கியது. கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை. விரலைத் திரும்ப ஓட்டினாள். மறுபடியும் அதே இடத்தில் ஒரு மேடு.

வேறு ஒருத்தியாக இருந்தால் பெயின்ட் சரியில்லை என்று போயிருப்பாள். வெர்னா யுத்த காலத்தில் மூன்று வருஷம் கப்பல் கட்டும் துறையில் இரும்பைப் பற்றவைக்கும் வெல்டிங் வேலை பார்த்தவள். எட்டு மாடி உயரத்தில் சாரத்தில் தொங்கிக்கொண்டு இரும்பைத் தைத்தவள். அவள் கதவைத் திறந்தாள், தரை விரிப்பை உரித்தாள்.

வண்டியின் தரையில் குறுக்காக, இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் வரை, பற்றவைத்த தழும்பு ஓடியது. முன்பாதி ஒரு வண்டி. பின்பாதி வேறு ஒரு வண்டி. முன்னால் நசுங்கிய ஒன்றையும் பின்னால் நசுங்கிய ஒன்றையும் நடுவில் அறுத்து, நல்ல பாதிகளைச் சேர்த்து ஒட்டியிருக்கிறார்கள். சமதரையில் ஓடும். ஒரு பெரிய பள்ளத்திலோ மலை இறக்கத்தில் பிரேக்கை அழுத்தும்போதோ நடுவில் பிளந்துகொள்ளும்.

"பாவிப் பசங்க," என்றாள் வாய்விட்டு.

அப்புறம் இன்னொன்றையும் கண்டாள். தழும்பில் செதில் செதிலாக விழுந்த வரிகள் எதிர்ப்பக்கம் சாய்ந்திருந்தன. இடதுகைக்காரன் வைத்தது. ஒவ்வொரு துண்டும் முடிகிற இடத்தில் சின்னதாக ஒரு கொக்கி.

அந்தக் கொக்கிக்காக அவள் எத்தனை தரம் திட்டியிருக்கிறாள்! "முடிச்சா எடுத்துடணும்டா, என்ன அது வால்?" என்று வீட்டுக் கொட்டகையில் நின்று கத்தியிருக்கிறாள். திட்டு வாங்கியவன் அவளுடைய ஒரே மகன் டாரெல். நாலு மாசமாகக் கிரிண்டிலின் பட்டறையில் வேலை செய்கிறான்.

வெர்னா சந்தின் சுவரில் சாய்ந்து நின்றாள். டாரெலுக்கு இருபத்து மூன்று வயது. அவன் மனைவி ஆர்லீனுக்கு இது ஒன்பதாம் மாசம். இது வெளியில் வந்தால் வேலை போவது ஒருபுறம், போலீஸ் வந்து கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போவான்.

அவள் செய்த முதல் காரியம் என்ன தெரியுமா? விரிப்பைப் பழையபடி போட்டு அழுத்தினாள். மேட்டின் மேல் இன்னும் ரெண்டு விரல் பசையை அப்பினாள். அவளைக் குறை சொல்லாதீர்கள். பெற்ற கை அது, தானாகப் போனது.

"வெர்னா! டோனட் வாங்கிட்டு வந்தேன்!"

லாய்ட் சந்துக்குள் நொண்டிக்கொண்டு வந்தான். நல்ல சட்டை, புதுக் கழுத்துப்பட்டை. முகம் சின்னப் பையன் முகம் மாதிரி இருந்தது.

"இன்னிக்கு நான் நல்ல பிள்ளை. எல்லாம் மனப்பாடம். கேளு. 'ஒரே கையில் இருந்த வண்டி. முட்டல் மோதல் எதுவும் படாத வண்டி. கிரிண்டில் மோட்டார்ஸ் கண்ணைப்போல் காத்த வண்டி.' எப்படி வழுக்குது பாத்தியா?"

"நீ வண்டியைப் பாத்தியா லாய்ட்?"

"அரை மணி நேரம் குடுத்தான் புண்ணியவான். இஞ்சின் ஜோரா இருக்கு. அடியில படுத்துப் பாக்கலாம்னா இந்தக் கால் எங்க விடுது?" அவன் டோனட்டைக் கடித்தான். "கையெழுத்து ஆயிட்டா இன்னும் ஒரு வருஷத்துக்குக் கவலை இல்லை, வெர்னா. என்ன, ஒரு மாதிரி இருக்கே?"

"வெயிலு."

சொல்லிவிடலாம். ஒரு வாக்கியம்தான். சொன்னால் லாய்ட் நேரே கிரிண்டிலிடம் போய் எகிறுவான். கிரிண்டில் வண்டியை ஓட்டிக்கொண்டு போய்விடுவான். தேன் குரல்காரன் வேறு வண்டியை வைத்து நிகழ்ச்சியை நடத்துவான். இந்த நீல வண்டி அடுத்த வாரம் சத்தமில்லாமல் யார் தலையிலாவது விழும். யோசித்துப் பார்த்ததில் அவளுக்கு இன்னொன்றும் புரிந்தது. இதை லாய்டிடம் சொல்ல வேண்டியவள் அவள் இல்லை.

"டாரெல் வீடு வரைக்கும் போய்ட்டு வரேன்," என்றாள் கையைத் துடைத்துக்கொண்டு.

"ஆர்லீனுக்கு வலி எடுத்துடுச்சா?"

"இல்லை. எனக்குத்தான்."

மேவுட்டில் டாரெல் வாடகைக்கு இருந்த வீட்டின் சமையலறையில் பீன்ஸ் கொதித்துக்கொண்டிருந்தது. ஆர்லீன் வீங்கிய காலை நாற்காலி மேல் தூக்கி வைத்துக்கொண்டு சோளரொட்டிக்கு மாவு கலக்கினாள்.

"வாங்க அத்தை. இன்னிக்கு நிகழ்ச்சி இருக்கே, இங்க எங்க வந்தீங்க?"

"உன் புருஷன் காதைத் திருகணும்னு தோணிச்சு. எங்க அவன்?"

"பின்னால துணி காயப்போடறார். நல்லா திருகுங்க, எனக்கும் சேர்த்து."

டாரெல் வாயில் ரெண்டு கிளிப்போடு ஈரப் படுக்கைவிரிப்பைக் கொடியில் போட்டுக்கொண்டிருந்தான். அம்மாவின் முகத்தைப் பார்த்ததுமே கிளிப்பை எடுத்துவிட்டான்.

"அந்த நீல செடான்," என்றாள் வெர்னா.

"எந்த நீல..."

"டேய். கொக்கி போட்டிருக்கே. இன்னும் அந்தப் பழக்கம் போகலை."

அவன் படுக்கைவிரிப்பைப் பிடித்துக்கொண்டு நின்றான். அது அவன் சட்டையையெல்லாம் நனைத்தது.

"கெட்டியாத்தான்மா ஒட்டியிருக்கேன்."

"யார்கிட்ட சொல்றே? கப்பல்ல பத்தவச்சவகிட்டயா?"

"மிஸ்டர் கிரிண்டில் சொன்னாரு. சும்மா ஊருக்குள்ள ஓட்டறவங்களுக்குத்தான் விப்பேன்னாரு. பட்டறைக்கு என்னை மேஸ்திரியா போடறேன்னாரு. ஆர்லீன் பிரசவத்துக்கு நல்ல ஆஸ்பத்திரி பாத்துக் குடுக்கறேன்னாரு. நான் என்னம்மா பண்ணட்டும்? மாட்டேன்னு சொன்னா மறுநாளே வெளியில நிப்பேன்."

"சரி. கெட்டியா ஒட்டியிருக்கே. அப்ப ஒண்ணு பண்ணு. உன் பெண்டாட்டியை அந்த வண்டியில ஏத்திக்கிட்டு கிரேப்வைன் மலை ஏறி இறங்கி வா. வந்து சொல்லு, அப்புறம் நான் போய் உட்கார்றேன்."

உள்ளே ஆர்லீன் ஏதோ பாட்டை முணுமுணுப்பது கேட்டது.

"பதில் சொல்லுடா."

"மாட்டேன்," என்றான் தரையைப் பார்த்துக்கொண்டு.

வெர்னாவுக்கு அழுகை வந்தது. அடக்கிக்கொண்டாள். அழுதால் அவனைக் கட்டிக்கொள்வாள், கட்டிக்கொண்டால் விட்டுவிடுவாள். அது அவளுக்குத் தெரியும்.

"நாலு மணிக்குள்ள ஸ்டுடியோவுக்கு வா. அப்பாகிட்ட நீயே சொல்லு."

"அப்பாவோட ஒப்பந்தம் போயிடும்மா!"

"அது நாங்க பட்டுக்கிறோம்."

"நான் வரலேன்னா? நீ சொல்லிடுவியா?"

"நான் வாயைத் திறக்க மாட்டேன். காட்டிக் குடுக்கவும் மாட்டேன். ஆனா அந்த வண்டியில உட்கார மாட்டேன். அவ்வளவுதான்."

அவள் திரும்பி நடந்தாள். ஆர்லீன் கூப்பிட்டு ரெண்டு துண்டு ரொட்டியைத் துணியில் கட்டிக் கொடுத்தாள். வெர்னா அதை வாங்கிக்கொண்டாள், ஆனால் மருமகளின் வயிற்றைப் பார்க்கத் தைரியம் வரவில்லை.

மூன்றே முக்கால். டாரெலைக் காணவில்லை.

அந்த ஸ்டுடியோ முன்னால் ஸ்கேட்டிங் கூடமாக இருந்த கட்டடம். மேலே வரிசையாக விளக்குகள். கீழே நிற்கிறவன் ரொட்டி மாதிரி வெந்துபோவான். நீல செடானை நாலு பேர் கையால் தள்ளிக்கொண்டு வந்து நடுவில் நிறுத்தினார்கள். டாங்கில் ஒரு கோப்பை பெட்ரோலுக்கு மேல் இருக்கக்கூடாது என்பது தீயணைப்பு நிலையத்தின் உத்தரவு. இங்கே வண்டிகளெல்லாம் ஊமையாகத்தான் வரும்.

கிரிண்டில் வெள்ளைத் தொப்பியோடு வந்து நின்றான். கேமராவுக்குப் பின்னால் ஒரு முக்காலியில் புது ஒப்பந்தத்தையும் பேனாவையும் லாய்டின் கண்ணில் படும்படி வைத்தான்.

"மிசஸ் டாக்கெட், இன்னிக்குக் கொஞ்சம் சிரிச்ச முகமா உட்காருங்க," என்றான்.

வெர்னா அவனைப் பார்த்தாள். லாய்டிடம் போய் அவன் கழுத்துப்பட்டையைச் சரிசெய்தாள்.

"லாய்ட், என்னை ஏத்துவியான்னு கேப்பே இல்லை, அதை இன்னிக்கு நிஜமாவே கேளு."

"என்னடி புதுசா?"

"கேளு. அவ்வளவுதான்."

நாலு மணி. கேமராவின் சிவப்பு விளக்கு எரிந்தது. சொல்லக்கூடாது, லாய்ட் அன்றைக்கு அருமையாகப் பேசினான். கண்ணாடியைத் துடைத்துக் காட்டினான், டயரைத் தட்டினான், தன் நொண்டிக்காலை வைத்தே ஒரு ஜோக் அடித்தான். "முட்டல் மோதல் எதுவும் படாத வண்டி," என்றபோது கிரிண்டில் தலையை ஆட்டி ரசித்தான். வெர்னா சந்துப் பக்கத்துப் பெரிய கதவையே பார்த்துக்கொண்டு நின்றாள். அது சாத்தியே கிடந்தது.

"சரி, இதெல்லாம் நான் சொல்றது. கடைசிக் கேள்வி ஒண்ணு இருக்கே," என்றான் லாய்ட். "என் வீட்டுக்காரியை இதுல ஏத்துவேனா?"

வெர்னா வெளிச்சத்துக்கு வந்தாள். வண்டிக்கு ஓர் அடி தூரத்தில் நின்றாள். கைப்பையை ரெண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். கதவைத் தொடவில்லை.

லாய்ட் சிரித்தான். "என்ன வெர்னா, செருப்பு கடிக்குதா?"

அவள் அசையவில்லை. கேமராவுக்குப் பின்னால் கிரிண்டில் ஏறு ஏறு என்று கையை ஆட்டினான்.

"சீட்டு சூடா இருக்கும்போல," என்றான் லாய்ட். "இந்த விளக்குங்க இருக்கே..."

"ஏற மாட்டேன், லாய்ட்."

மூன்று வருஷத்தில் முதல் தடவையாக நிகழ்ச்சியில் வெர்னாவின் குரல் கேட்டது.

லாய்ட் அவள் முகத்தைப் பார்த்தான். முக்காலியில் இருந்த காகிதத்தைப் பார்த்தான். அவன் மனசில் என்ன ஓடியிருக்கும் என்று எனக்குத் தெரியும். ஒரு சிரிப்பு, ஒரு சமாளிப்பு, அடுத்த விளம்பரம். போதும், தப்பித்திருக்கலாம். இருபத்து நாலு வருஷம் கூட இருந்தவள் காரணம் இல்லாமல் நிற்கமாட்டாள் என்பதும் அவனுக்குத் தெரியும்.

அவன் பார்க்காமல் விட்டது வண்டியின் அடி ஒன்றுதான். மைக்கைக் கீழே வைத்தான். கதவைத் திறந்தான். பல்லைக் கடித்துக்கொண்டு, அந்த நொறுங்கின முழங்காலைத் தரையில் ஊன்றி மண்டியிட்டான். வலி அவன் முகத்தில் பச்சையாகத் தெரிந்தது. ஃபிங்க் ஒரு கேமராவைப் பக்கத்தில் தள்ளச் சொன்னார். லாய்ட் விரிப்பின் ஓரத்தைப் பிடித்து இழுத்தான்.

தழும்பு முழுசாக வெளியில் வந்தது.

லாய்ட் அதன் மேல் கையை வைத்தான். கொக்கிக்கு வந்ததும் விரல் நின்றது. வீட்டுக் கொட்டகையில் வெர்னா கத்தியதையெல்லாம் அவனும் கேட்டவன்தானே. தலையைத் தூக்காமல் அப்படியே இருந்தான். வீடுகளில் பார்த்துக்கொண்டிருந்தவர்கள் படம் நின்றுவிட்டது என்று பெட்டியைத் தட்டியிருப்பார்கள்.

"நிறுத்து! ஒளிபரப்பை நிறுத்து!" என்று கிரிண்டில் ஃபிங்க்கின் சட்டையைப் பிடித்தான்.

"எப்படி நிறுத்தறது?" என்றார் ஃபிங்க். "நாலரை வரைக்கும் நேரத்தை நீங்கதானே வாங்கியிருக்கீங்க. உங்க நேரம் சார், அதுல நான் கை வைக்க முடியுமா?"

அப்போது பெரிய கதவு திறந்தது. சட்டை இன்னும் ஈரமாகவே இருந்தது டாரெலுக்கு. தரையில் கிடந்த வயர்களைத் தாண்டித் தாண்டி வந்தான், வெளிச்சத்துக்குள் நுழைந்தான், அப்பாவின் அக்குளில் கைகொடுத்துத் தூக்கி நிறுத்தினான்.

"நான்தான் அப்பா ஒட்டினேன். ரெண்டு வண்டி இது. மிஸ்டர் கிரிண்டில் ஒட்டச் சொன்னாரு, நான் ஒட்டினேன். எனக்குத் தெரிஞ்சேதான் பண்ணினேன்."

"பொய்!" என்று கிரிண்டில் கத்தினான். தொப்பியோடு அவனும் படத்துக்குள் வந்துவிட்டான்.

லாய்ட் மகனை அடிக்கவில்லை, திட்டவும் இல்லை. மைக்கை எடுத்தான். கேமராவை நேராகப் பார்த்தான்.

"ஜனங்களே, இது முட்டாத வண்டின்னு அஞ்சு நிமிஷம் முன்னால சொன்னேன். அது பொய். பாக்காம சொன்னேன். தப்பு என்னோடது. இந்த வண்டி யாருக்கும் விக்கறதுக்கில்லை. இதை ஒட்டினவன் என் மகன். அவனும் நானும் இங்கேயே இருக்கோம், எங்கேயும் ஓடலை. யார் வந்து கேட்டாலும் பதில் சொல்றோம்."

வெர்னாவுக்கு அப்பாடா என்று இருந்தது. போனது போகட்டும், வேலை போகட்டும், பையன் நிமிர்ந்து நிற்கிறான், அது போதும் என்று நினைத்தாள். அவன் தோளைத் தொட்டாள். அவன் அவள் பக்கம் திரும்பினான்.

"அம்மா," என்றான் டாரெல். "இது ரெண்டாவது."

"என்ன ரெண்டாவது?"

"ஒட்டினதுல ரெண்டாவது. நீ கேக்கலை, நானும் சொல்லலை. முதல்ல ஒண்ணு பண்ணினேன். பச்சை வண்டி. ரெண்டு வாரத்துக்கு முன்னாடி இங்கதான் வந்தது."

வெர்னாவுக்கு அந்தப் பச்சை வண்டி ஞாபகம் வந்தது. அந்த ஞாயிற்றுக்கிழமை ஆர்லீனுக்குப் பொய் வலி எடுத்து, டாக்டர் வீட்டுக்கும் இங்குமாக அலைந்து, கடைசி நிமிஷத்தில் ஓடி வந்தாள். கிரிண்டிலின் ஆட்களே பசை தடவி முடித்திருந்தார்கள். ஒரு விரல்கூட வைத்துப் பார்க்கவில்லை. ஓடி வந்த மூச்சோடு அந்தப் பச்சை வண்டியில் ஏறி உட்கார்ந்தாள். அன்றைக்கு, ஆர்லீன் நன்றாக இருக்கிறாள் என்ற சந்தோஷத்தில், சிரிக்கவும் செய்தாள்.

"யாருக்கு வித்தே?" என்று அவள் கிரிண்டிலைப் பிடித்துக்கொண்டாள். "அந்தப் பச்சை வண்டி, யாருக்கு வித்தே?"

"எனக்கு எப்படி ஞாபகம் இருக்கும்? ஞாயித்துக்கிழமை, ஆபீஸ் பூட்டியிருக்கு. என் வக்கீலைக் கேட்காம நான் பேச மாட்டேன்."

"மனுஷனாடா நீ!"

லாய்ட் அதற்குள் கேமராவுக்கு முன்னால் போய்விட்டான். "ரெண்டு வாரத்துக்கு முன்னால பச்சை செடான் வாங்கினவங்க யாரா இருந்தாலும் கேளுங்க. அந்த வண்டியை எடுக்காதீங்க. எடுத்திருந்தா நிறுத்துங்க. அக்கம்பக்கத்துல யாராவது வாங்கியிருந்தா ஓடிப்போய்ச் சொல்லுங்க. இந்த நிலையத்துக்குப் போன் பண்ணுங்க. நம்பரைச் சொல்றேன், எழுதிக்குங்க."

சொன்னான். திரும்பச் சொன்னான். பாட்டுப் போடவில்லை, விளம்பரம் போடவில்லை, அந்த நம்பரையே சொல்லிக்கொண்டிருந்தான்.

அலுவலக அறையில் டெலிபோன் அடிக்க ஆரம்பித்தது. முதல் ஆள் யாரோ குடிகாரன். ரெண்டாவது ஆள் நீல வண்டி மலிவாகக் கிடைக்குமா என்று கேட்டான். மூன்றாவது போனை எடுத்த அலுவலகப் பெண் வெர்னாவைக் கை காட்டிக் கூப்பிட்டாள்.

"அந்த டி.வி. அம்மாவா பேசறது?" ஓர் இளம் குரல். "நான் டௌனியிலேருந்து பேசறேன். ஓபல் ஸ்ட்ரிக்லண்ட். பச்சை செடான் நாங்கதான் வாங்கினோம்."

"வண்டி இப்ப எங்கம்மா இருக்கு?"

"என் வீட்டுக்காரர் எடுத்துட்டுப் போயிருக்கார். கிரேப்வைன் மலைக்கு அந்தப் பக்கம், பேக்கர்ஸ்ஃபீல்டுக்கு, அவர் அம்மாவைப் பாக்க. மூணு மணிக்குக் கிளம்பினாங்க. ரெண்டு பிள்ளைங்களும் கூடப் போயிருக்கு. ஏன், என்ன ஆச்சு? டி.வி.யில என்னமோ சொல்றாங்களே, எனக்கு ஒண்ணும் புரியலையே!"

வெர்னா வாசல் பக்கம் பார்த்தாள். டாரெல் அங்கேதான் நின்றான், பின்னால் ஃபிங்க். அவனுக்கு எல்லாம் கேட்டுவிட்டது.

"டாரெல், நம்ம வண்டியைக் கிளப்பு. ஃபிங்க், நெடுஞ்சாலைப் போலீஸுக்கு இன்னொரு லைன்ல போன் போடுங்க," என்றாள். டாரெல் ஓடினான்.

போனில் அந்தப் பெண் அழ ஆரம்பித்திருந்தாள். "நீங்க ஏறி உட்கார்ந்தீங்களேம்மா. அதைப் பாத்துத்தானே வாங்கினோம். என் சின்னப் பொண்ணு உங்க சீட்டுலதான் உட்காருவேன்னு அடம் பிடிச்சு முன்னால ஏறிக்கிச்சு..."

வெர்னா மேஜையைப் பிடித்துக்கொண்டாள். எனக்குத் தெரியாது என்று சொல்லலாம். என்னை ஏமாற்றிவிட்டார்கள் என்று சொல்லலாம். ரெண்டும் உண்மைதான். அவள் ரெண்டையும் சொல்லவில்லை.

"ஆமாம்மா, உட்கார்ந்தேன்," என்றாள். "அழாதே. எந்த ரோடு வழியா போயிருக்காங்கன்னு சொல்லு."